பந்தோடு போனவர்கள் – 9: பன்னிரண்டு கஜம்

சென்ற வாரம்: 2010 உலகக் கோப்பை. வட கொரியாவுக்கு எதிராக ஒன்று, ஐவரி கோஸ்ட்டுக்கு எதிராக ஒன்று என்று இரண்டு ஆட்டங்களில் இரண்டு கோல் போட்ட பிரேசில் நடுகள வீரர் எலானோ ப்ளூமர், ஜோகன்னஸ்பர்க் சாக்கர் சிட்டி மைதானத்தில் ஷெய்க் தியோத்தேயின் கால் பட்டுச் சுருண்டு விழுந்தார். ஸ்ட்ரெச்சரில் வெளியே போனவர் அந்தத் தொடரில் மறுபடி களம் இறங்கவே இல்லை. காலிறுதியில் நெதர்லாந்திடம் 2-1 என்று தோற்றுப் பிரேசில் ஊர் திரும்பியது. எலானோவின் கால் ஆறியது. ஆனால், அடுத்த அடி காலில் விழவில்லை...

*

லா பிளாட்டா, அர்ஜென்டினா. 2011 ஜூலை 17.

கோபா அமெரிக்கா காலிறுதி. பிரேசிலும் பராகுவேயும் 120 நிமிடம் மோதியும் ஒரு கோல்கூட விழவில்லை. பந்து பெரும்பாலும் பிரேசில் காலில்தான் இருந்தது. பராகுவேயின் கோல் கீப்பர் ஹுஸ்தோ வியார் மட்டும் ஒற்றை ஆளாக நின்று வந்ததையெல்லாம் தடுத்துத் தள்ளினார். இனி பெனால்டி ஷூட் அவுட்தான்.

முதல் உதையை யாரிடம் கொடுப்பது? நெய்மார் ஏற்கெனவே பெஞ்சில். பயிற்சியாளர் மானோ மெனேசஸ் அனுப்பிய ஆள், மாற்று வீரராக இறங்கியிருந்த எலானோ. ஒரு மாதத்துக்கு முன்புதான் 30 வயது முடிந்திருந்தது. கூடவே ஓடுகிற பந்தில் அவரைவிடக் கெட்டிக்காரர்கள் பிரேசிலில் தெருவுக்குத் தெரு உண்டு. நின்ற பந்து என்றால் கதை வேறு. ஃப்ரீ கிக், கார்னர், பெனால்டி மூன்றிலும் அவர் வலது காலுக்கு ஒரு பெயர் இருந்தது.

மைதானத்தில் புல் சரியாக வேர் பிடிக்கவில்லை. பெனால்டி புள்ளியைச் சுற்றி மண் பொலபொலவென்று கிடந்தது. எலானோ பந்தைக் குனிந்து வைத்தார். கோலுக்கும் பந்துக்கும் நடுவே பன்னிரண்டு கஜம். விசில் ஊதியாயிற்று.

அந்தப் பந்து எங்கே போனது என்று பார்க்கும் முன், அந்தக் கால் எங்கிருந்து வந்தது என்று பார்த்துவிடுவோம்.

*

கரும்பும் களிமண்ணும்

எலானோ 1981 ஜூன் 14-ல் சாவோ பாவ்லோ மாநிலத்தின் உள்நாட்டுப் பகுதியில் இராசெமாபோலிஸ் என்ற சிற்றூரில் பிறந்தார். பிரேசில் என்றதும் நம் கண்ணில் வரும் கடற்கரை, திருவிழா, மலைமேல் நிற்கும் ஏசுநாதர் சிலை எதுவும் அங்கே கிடையாது. சர்க்கரை ஆலையை நம்பி வளர்ந்த ஊர். நாலாபக்கமும் கரும்பு.

கரும்பு தவிர அந்த வட்டாரத்துக்கு இன்னொரு தொழிலும் உண்டு. பக்கத்திலுள்ள சாந்தா ஜெர்த்ரூதிஸ் ஊரைச் சுற்றித்தான் பிரேசிலின் தரை ஓடுகளில் பெரும்பகுதி தயாராகிறது. செம்மண் களியை வெயிலில் காயவைத்து, மாவாக அரைத்து, அச்சில் அழுத்தி, சூளையில் சுட்டு லாரி லாரியாக ஏற்றுகிறார்கள்.

விருத்தாசலத்துக்காரர்களுக்கு இந்த ஊரை விளக்கிச் சொல்ல வேண்டியதில்லை. பெண்ணாடம் பக்கம் போனால் கரும்பு. நெல்லிக்குப்பத்தில் 1842-லேயே சர்க்கரை ஆலை. ஊருக்குள்ளேயே செராமிக் தொழிற்பேட்டை. என்ன, அங்கே செம்மண் ஓடு. இங்கே வெள்ளைப் பீங்கான். கரைத்த மண்கூழை பிளாஸ்டர் ஆஃப் பாரிஸ் அச்சில் ஊற்றுகிறார்கள். அச்சு தண்ணீரை உறிஞ்ச உறிஞ்ச, ஓரத்தில் ஒரு தோல்போல மண் படிகிறது. மிச்சக் கூழைக் கவிழ்த்துவிட்டு அச்சைப் பிரித்தால், உள்ளே கொலு பொம்மை ஈரத்தோடு நிற்கும். வீட்டு மீட்டர் பெட்டியில் இருக்கும் ஃபியூஸ் கேரியர் முதல் கார்த்திகை அகல்விளக்கு வரை அந்தத் தொழிற்பேட்டையின் சரக்கு தமிழ்நாடு முழுக்கப் போகிறது. செய்த கையின் பெயர் எந்தச் சாமானிலும் இருப்பதில்லை.

இராசெமாபோலிஸ் பையனும் பக்கத்து நகரங்களில்தான் தொழில் பழகினான். கம்பீனாஸ் நகரத்து குவாரனி கிளப், பிறகு லிமெய்ரா நகரத்து இன்டர். 2001-ல் சான்டோஸ் அழைத்தது. பெலே ஆடிய கிளப் அது. ஆனால் பெலே காலத்துக்குப் பிறகு தேசிய லீக் பட்டம் ஒன்றுகூட வாங்காமல், பழைய பெருமையைச் சொல்லியே பிழைத்துக்கொண்டிருந்தது. கையிலும் காசில்லை. பயிற்சியாளர் எமர்சன் லெயாவோ வேறு வழியில்லாமல் பையன்களை இறக்கினார். 18 வயது ராபின்யோ, 17 வயது டியேகோ. அவர்களோடு 21 வயது எலானோ.

2002 டிசம்பர் 15, மொரும்பி மைதானம். பிரேசில் லீக் இறுதியின் இரண்டாவது சுற்று, எதிரி கொரிந்தியன்ஸ். முதல் சுற்றில் சான்டோஸ் 2-0 என்று ஜெயித்திருந்தது. இரண்டாவது சுற்றில் ராபின்யோ, பந்தின்மேல் காலை மாற்றி மாற்றிச் சுழற்றி ஒரு தடுப்பாட்டக்காரரைத் தடுமாற வைத்து, பெனால்டி வாங்கி, தானே அடித்து கோலாக்கினார். கதை முடிந்தது என்று நினைத்த நேரத்தில் 75-வது நிமிடத்தில் கொரிந்தியன்ஸின் டெய்விட் ஒரு கோல். 84-ல் ஆண்டர்சன் இன்னொரு கோல். இன்னும் ஒன்று விழுந்தால் இரு சுற்றும் சேர்த்துச் சமன். பையன்களின் கால் நடுங்க வேண்டிய நேரம்.

88-வது நிமிடம். எலானோ கோல்! அதற்குப் பின் சக வீரர் லியோ ஒன்று. 3-2. கோப்பை சான்டோஸுக்கு.

இன்றைக்கும் பிரேசிலில் அந்த இறுதியைப் பற்றிப் பேச்செடுத்தால் ராபின்யோவின் கால் சுழற்றலைத்தான் சொல்வார்கள். ஆட்டத்தைக் காப்பாற்றிய 88-வது நிமிடத்தைச் சொல்பவர்கள் குறைவு. எலானோவின் வாழ்க்கை முழுக்க இதே கணக்குதான். டெய்விட் என்ற பெயரையும் வாசகர்கள் நினைவில் வைத்துக்கொள்ளவும். ஒன்பது வருடம் கழித்து அவர் இந்தக் கதைக்குள் மறுபடி வருவார், அதுவும் எலானோவுக்கு ஆகவே ஆகாத ஒரு நிமிடத்தில்.

*

பக்கத்தில் நின்ற ஆள்

2005-ல் எலானோ உக்ரைனுக்குப் போனார். நிலக்கரிச் சுரங்க நகரமான டொனெட்ஸ்க்கின் ஷக்தார் கிளப். பெரும்பணக்காரர் ரினாத் அக்மெதோவ் முதலாளி. ருமேனியாவின் மிர்ச்சா லுச்செஸ்கு பயிற்சியாளர். தடுப்பாட்டத்துக்கு உள்ளூர்க்காரர்கள், தாக்குதலுக்குப் பிரேசில் பையன்கள் என்பது லுச்செஸ்குவின் ஏற்பாடு. ஃபெர்னாண்டின்யோ, ஜாட்சன், எலானோ எல்லோரும் அந்த வழியில் பனிக்கும் குளிருக்கும் நடுவே வந்து இறங்கியவர்கள்தான். அங்கே தேறினால் மேற்கு ஐரோப்பா கூப்பிடும். தேறாவிட்டால் ஊருக்கு டிக்கெட்.

கூப்பிட்டது. அதற்கு முன் ஒரு விஷயம். 2006 செப்டம்பர் 3, லண்டன் எமிரேட்ஸ் மைதானத்தில் பிரேசிலுக்கும் அர்ஜென்டினாவுக்கும் நட்பு ஆட்டம். மூன்றாவது நிமிடத்திலேயே எலானோ ஒரு கோல். 67-வது நிமிடத்தில் இன்னொன்று. ஆட்டம் முடியப் போகும்போது காகா, தன் பாதிக் களத்திலிருந்து பந்தை எடுத்துக்கொண்டு மெஸ்ஸியைத் தாண்டி ஓடிப்போய் மூன்றாவது கோலைப் போட்டார். 3-0. ரசிகர்கள் எதைத் திரும்பத் திரும்பப் போட்டுப் பார்த்தார்கள் என்று சொல்ல வேண்டுமா? இரண்டு கோல் போட்டவர் எலானோ. ஆட்டம் காகாவின் பெயரில் போய்விட்டது.

2007 ஆகஸ்டில் மான்செஸ்டர் சிட்டி. இன்றைய எண்ணெய்ப் பணச் சிட்டி அல்ல. தாய்லாந்தின் முன்னாள் பிரதமர் தக்சின் ஷினவத்ரா அப்போதுதான் வாங்கியிருந்த சிட்டி. எலானோவின் விலை 80 லட்சம் பவுண்டு. பயிற்சியாளர் ஸ்வென் யோரான் எரிக்சன். செப்டம்பர் கடைசியில் நியூகாஸிலுக்கு எதிராக எலானோ அடித்த ஒரு ஃப்ரீ கிக் இங்கிலாந்துக்கு அவரை அறிமுகப்படுத்தியது. பந்து சுவரைத் தாண்டிப் போய் வலையின் மேல் மூலையில் இறங்கியது. அந்தச் சில மாதங்கள் நீல ஜெர்சிக்காரர்களின் செல்லப்பிள்ளை அவர்தான்.

அடுத்த வருடம் செப்டம்பர் 1. கிளப் அபுதாபிக் கைக்கு மாறுகிறது. புது முதலாளிகள் முதல் வேலையாக 3 கோடியே 25 லட்சம் பவுண்டு கொட்டி ஓர் ஆட்டக்காரரை வாங்குகிறார்கள். யார்? ராபின்யோ!

சான்டோஸில் பக்கத்தில் நின்ற அதே ஆள், மான்செஸ்டரிலும் வந்து பக்கத்தில் நின்றார். எலானோ மறுபடி இரண்டாவது பெயர். 2009-ல் துருக்கியின் கலாத்தசராய். 2010-ல் வட கொரியாவுக்கு எதிராக அவர் போட்ட உலகக் கோப்பை கோலுக்குப் பந்து கொடுத்தவர்கூட ராபின்யோதான். அந்த வருடக் கடைசியில் எலானோ சான்டோஸுக்கே திரும்பினார். அங்கே இப்போது வேறொரு பையன் இருந்தான். பெயர் நெய்மார். 2011 ஜூன் 22-ல் உருகுவேயின் பெனியரோலை 2-1 என்று வென்று, 1963-க்குப் பிறகு முதல்முறையாக சான்டோஸ் லிபெர்த்தாதோரஸ் கோப்பையைத் தூக்கியது. கோல் போட்டவர்கள் நெய்மாரும் டானிலோவும்.

ஊர் ஊராக வேலைக்குப் போகும் ஆட்டக்காரர்களைப் பற்றி ஒரு பேச்சு உண்டு: எங்கும் ஒட்டாதவர்கள், காசுக்கு ஓடுபவர்கள் என்று. எலானோவின் கணக்கைப் பார்த்தால் அது அரைகுறைப் பேச்சு. நட்சத்திரத்தை வாங்குகிற கிளப் ஒவ்வொன்றுக்கும், நட்சத்திரம் விழுந்து வாங்கிய ஃப்ரீ கிக்கை அடிக்க ஓர் ஆள் வேண்டும். ஓடி வந்தவன் மூச்சு வாங்கிக்கொண்டு நிற்கும்போது, துடிக்காத நெஞ்சோடு பந்தை வைக்க ஓர் ஆள். டொனெட்ஸ்க், மான்செஸ்டர், இஸ்தான்புல் எல்லா இடத்திலும் சம்பளம் அதற்குத்தான். பந்து நின்றால் களத்தில் எல்லாரும் விலகி நிற்பார்கள். அந்தச் சில நொடி மட்டும் அவர்தான் முதல் ஆள்.

அந்தச் சில நொடியும் கைவிட்டால்?

*

பத்து நாளில் இரண்டு

லா பிளாட்டாவுக்குத் திரும்புவோம். விசில் ஊதியாயிற்று. எலானோ ஓடி வந்தார். உதைத்தார்.

பந்து கம்பத்துக்கு மேலே பறந்து ரசிகர் கூட்டத்துக்குள் போய் விழுந்தது.

அடுத்து தியாகோ சில்வா, வியார் தடுத்துவிட்டார். ஆந்த்ரே சான்டோஸ், மேலே. ஃப்ரெட், வெளியே. நான்கு உதை, நான்கும் வீண். உலகக் கோப்பையை ஐந்து முறை வாங்கிய நாடு, ஷூட் அவுட்டில் ஒரு கோல்கூடப் போடாமல் 0-2 என்று வெளியேறியது. சூளையைத் திறக்கும்வரை எந்தச் சாமான் தேறும், எது விரிந்து கிடக்கும் என்று பீங்கான்காரருக்கே தெரியாது. பெனால்டியும் அந்த ரகம்தான். முன்னால் எத்தனை சாமான் நன்றாக வெந்திருந்தாலும் கணக்கில் சேராது.

நான்கு பேர் தவறவிட்டாலும் முதலில் தவறவிட்டவன் பெயர்தான் நிற்கும். ஊர் திரும்பிய எலானோவுக்கு அடுத்த பெனால்டி பத்தே நாளில் வந்தது.

2011 ஜூலை 27, சான்டோஸின் சொந்த மைதானமான விலா பெல்மிரோ. எதிரி ஃபிளமெங்கோ, ரொனால்டின்யோ அங்கே. பிரேசில் லீக் கண்ட மிகப் பெரிய ஆட்டங்களில் ஒன்று என்று இன்றும் கொண்டாடப்படும் ஆட்டம். 26-வது நிமிடத்தில் நெய்மார், நாலைந்து பேரை ஏமாற்றிக்கொண்டு போய் ஒரு கோல் போட்டார். அந்த வருடத்தின் மிகச் சிறந்த கோலுக்கான புஷ்காஷ் விருது அதற்குத்தான் கிடைத்தது. சான்டோஸ் 3-0. உடனே ரொனால்டின்யோ ஒன்று, தியாகோ நெவேஸ் ஒன்று. 3-2.

இடைவேளைக்குக் கொஞ்ச நேரம் முன்னால் நெய்மார் மறுபடி பெட்டிக்குள் விழ, சான்டோஸுக்குப் பெனால்டி. பந்து எலானோ கையில்.

இந்த நிமிடத்தில் அவர் தலைக்குள் என்ன ஓடியது என்று நாம் ஊகிக்கத்தான் முடியும். போன பந்து மேலே பறந்தது. இந்த முறை பலமாக அடித்தால்? மறுபடி பறந்தால்? 1976 ஐரோப்பியக் கோப்பை இறுதியில் செக்கோஸ்லோவாக்கியாவின் அந்தோனின் பானென்கா கண்டுபிடித்த ஒரு வழி உண்டு. கோல் கீப்பர் ஏதாவது ஒரு பக்கம் பாய்வார் என்று நம்பி, பந்தை அடியில் மெல்லத் தட்டி, நட்டநடுவில் மிதக்க விடுவது. பலித்தால் மேதை. பலிக்காவிட்டால் கோமாளி. நடுவே வேறு எதுவும் கிடையாது.

எலானோ ஓடி வந்தார். பந்தின் அடியில் மெதுவாகத் தட்டினார். பந்து மிதந்து போனது.

ஃபிளமெங்கோ கோல் கீப்பர் ஃபெலிப்பி பாயவே இல்லை. நின்ற இடத்திலேயே நின்று, மாங்காயைப் பிடிப்பதுபோலப் பிடித்துக்கொண்டார். பிடித்ததோடு விட்டாரா? அந்தப் பந்தைக் காலில் போட்டுத் தட்டி வேடிக்கை காட்டிவிட்டுத்தான் ஆட்டத்தைத் தொடர்ந்தார்.

ஓரிரு நிமிடத்துக்குள் மறுமுனையில் கோல். ஃபிளமெங்கோ 3-3 என்று சமன் செய்தது. போட்டவர் யார் தெரியுமா? டெய்விட். 2002 இறுதியில் கொரிந்தியன்ஸுக்காகப் பயம் காட்டிய அதே டெய்விட். அன்று எலானோ அவருக்குப் பதில் சொன்னார். இன்று பதில் இல்லை. கடைசியில் ரொனால்டின்யோ மூன்று கோல் அடித்து முடிக்க, 5-4 என்று ஃபிளமெங்கோ ஜெயித்தது.

பத்து நாளில் இரண்டு பெனால்டி. ஒன்று வானத்துக்கு, ஒன்று கீப்பர் கைக்கு. பந்து நிற்கும் அந்தச் சில நொடிதான் எலானோவின் சொத்து என்றோம். அதையே பிரேசில் அவரிடமிருந்து பிடுங்கிக்கொண்டுவிட்டது. 2012-ல் கிரேமியோ, 2014-ல் ஃபிளமெங்கோ என்று கிளப்புகள் மாறின. தேசிய அணிக்கு 50 ஆட்டம் ஆடிய ஆளுக்கு 33 வயது நெருங்கியது. இனி என்ன? கையெழுத்துப் போட்டுவிட்டு ஓய்வெடுக்க வேண்டியதுதானே?

கிழக்கிலிருந்து ஓர் அழைப்பு வந்தது. அப்படி ஒரு கிளப் அதுவரை உலகத்தில் இருந்ததே இல்லை.

*

ஸீகோ பார்த்த ஃப்ரீ கிக்

2014 அக்டோபர் 12-ல் இந்தியன் சூப்பர் லீக் பிறந்தது. எட்டு ஊர், எட்டு அணி. ஒவ்வோர் அணிக்கும் போஸ்டரில் முகம் காட்ட ஒரு பெரிய வெளிநாட்டுப் பெயர். டெல்லிக்கு 39 வயது டெல் பியரோ. கோவாவுக்கு ராபர்ட் பிரெஸ். கேரளாவுக்கு 44 வயது டேவிட் ஜேம்ஸ். இந்த வரிசையில் சென்னையின் எஃப்சி எடுத்தது எலானோவை. ஆடவும் பயிற்சி தரவும் மார்க்கோ மத்தராஸி. 2006 உலகக் கோப்பை இறுதியில் ஜிடேனின் தலை முட்டியதே, அந்த நெஞ்சின் சொந்தக்காரர்.

மற்ற ஊர்கள் பெயரை வாங்கின. சென்னை வாங்கியது காலை. 33 வயதில் எலானோ இன்னும் ஆடுகிற ஆள். ரிட்டயராகிவிட்டு வந்த ஆள் இல்லை. இங்கே அவர் பக்கத்தில் ராபின்யோ இல்லை, காகா இல்லை, நெய்மார் இல்லை. போஸ்டரில் நடுவே அவர் முகம்தான். வியாசர்பாடி, கண்ணிகாபுரம் பக்கம் உலகக் கோப்பை வந்தால் மஞ்சள் ஜெர்சி போட்டுக்கொண்டு திரியும் பையன்களுக்கு, அந்த மஞ்சள் ஜெர்சியில் உலகக் கோப்பை கோல் போட்ட ஆள் நேரு ஸ்டேடியத்துக்கே வருகிறார் என்பது சாதாரணச் செய்தியா?

அக்டோபர் 15, கோவாவின் ஃபதோர்டா மைதானம். சென்னையின் முதல் ஆட்டம். எதிரணி பெஞ்சில் பயிற்சியாளராக உட்கார்ந்திருந்தவர் ஸீகோ. நின்ற பந்தை அடிப்பதில் பிரேசில் கண்ட ஜாம்பவான்களில் ஒருவர். 32-வது நிமிடத்தில் பல்வந்த் சிங் கோல் போட்டார். இந்த லீகில் கோல் போட்ட முதல் இந்தியர். 42-வது நிமிடம், சென்னைக்கு ஃப்ரீ கிக்.

பந்தை வைத்தவர் எலானோ. பார்த்துக்கொண்டிருந்தவர் ஸீகோ. வலது கால் வளைத்த பந்து சுவரைத் தாண்டி வலைக்குள். 2-0. இரண்டாம் பாதியில் கோவா ஒன்றைத் திருப்ப, 2-1 என்று சென்னை ஜெயித்தது.

ஃப்ரீ கிக் சரி. அதற்குச் சுவர் உண்டு, தூரம் உண்டு, தவறினால் யாரும் திட்டுவதில்லை. பன்னிரண்டு கஜம் மட்டும் மன்னிப்பதில்லை. அந்தச் சோதனை ஆறு நாளில் வந்தது.

*

தீபாவளிக்கு முந்தின இரவு

அக்டோபர் 21, செவ்வாய்க்கிழமை. மறுநாள் தீபாவளி. தி.நகரில் கால் வைக்க இடமில்லை. எழும்பூரிலிருந்து தெற்கே போகும் ரயில்களில் ஊர் திரும்பும் கூட்டம் படிக்கட்டில் தொங்குகிறது. விழுப்புரம், விருத்தாசலம், திருச்சி என்று கார்டு லைன் முழுக்கப் பலகாரப் பையும் பட்டாசுப் பெட்டியும். அந்த நேரத்தில் எதிர்த்திசையில் கூட்டம் கூட்டமாக ஜனம் பெரியமேட்டுக்குப் போனது, நேரு ஸ்டேடியத்துக்கு. சென்னையின் அணியின் முதல் சொந்த ஊர் ஆட்டம். எதிரி? கேரளா பிளாஸ்டர்ஸ். பக்கத்து வீட்டுக்காரனோடு பந்தயம் என்றால் யார்தான் வீட்டில் இருப்பார்கள்?

14-வது நிமிடம். ரெஃப்ரீயின் கை பெனால்டி புள்ளியைக் காட்டுகிறது.

கூட்டத்தில் பலருக்கு லா பிளாட்டா தெரியாது. விலா பெல்மிரோ தெரியாது. பிரேசிலில் இந்த ஆள் பந்தைப் புள்ளியில் வைத்தால் என்ன ஞாபகம் வரும் என்று தெரியாது. அவர்களுக்குத் தெரிந்ததெல்லாம், பந்து எலானோவிடம் இருக்கிறது, அதனால் கோல்தான் என்பது மட்டும். மூன்று வருடமாக எந்த மைதானமும் அவருக்குத் தராத ஒன்றை, அவருடைய பழைய கணக்கு எதையும் அறியாத ஊர் சும்மா தூக்கிக் கொடுத்தது.

ஓடி வந்தார். அடித்தார்.

கோல்!

50-வது நிமிடத்தில் இயன் ஹ்யூம் கேரளாவுக்குச் சமன் செய்தார். 63-ல் பெர்னார்ட் மென்டி அடித்த பந்து சென்னைக்கு ஆட்டத்தை வாங்கித் தந்தது. 2-1. வெளியே பட்டாசு, உள்ளே பட்டாசு.

அங்கிருந்து எலானோவைப் பிடிக்க ஆளில்லை. அடுத்து டெல்லியிடம் அணி 4-1 என்று அடி வாங்கியபோதும் அந்த ஒன்று அவருடையது. மும்பையை 5-1 என்று துவைத்தபோது இரண்டு. மொத்தம் 11 ஆட்டத்தில் 8 கோல். முதல் சீசனின் தங்கக் காலணி அவருக்கே. அடுத்த இடத்தில் இருந்தவர்கள் ஐந்து கோலிலேயே நின்றுவிட்டார்கள். லீக் பட்டியலில் 14 ஆட்டத்தில் 23 புள்ளியோடு சென்னை முதலிடம். நட்சத்திரத்துக்குப் பந்து கொடுத்தே வாழ்ந்த நடுகள வீரர், ஒரு நாட்டின் லீகிலேயே அதிக கோல் போட்ட ஆளானது சென்னையில்தான்.

அரையிறுதியில் மறுபடி கேரளா. இது எளிது என்றுதான் எல்லாரும் நினைத்தார்கள்.

டிசம்பர் 13, கொச்சி. மைதானம் மஞ்சள் கடல். இஷ்ஃபாக் அகமது ஒன்று. ஹ்யூம் ஒன்று. கடைசியில் சுஷாந்த் மேத்யூ தூரத்திலிருந்து வளைத்த ஒன்று, இன்றும் பேசப்படும் கோல். 3-0. லீகில் முதலிடம் பிடித்த அணி, நாலாவது இடத்தில் வந்த அணியிடம் மூக்குடைபட்டுத் திரும்பியது.

மூன்று நாள் கழித்து டிசம்பர் 16, சென்னை. மூன்று கோல் போட்டால்தான் உயிர். 28-வது நிமிடத்தில் கேரளாவின் மெக்காலிஸ்டருக்குச் சிவப்பு அட்டை. எதிரணியில் பத்துப் பேர். 42-ல் மைக்கேல் சில்வெஸ்ட்ர் ஒரு கோல். ஸ்டேடியம் எழுந்து நின்றது. 76-ல் கேரளாவின் சந்தேஷ் ஜிங்கன் பட்டுத் தன் வலைக்குள்ளேயே இன்னொரு கோல். இன்னும் ஒன்று! கடிகாரம் ஓடுகிறது. 85... 88... 89...

90-வது நிமிடத்தில் சென்னையின் ஜெஜே! 3-0. இரு சுற்றும் சேர்த்து 3-3!

இந்த மூன்றில் ஒன்றுகூட எலானோவின் கோல் அல்ல. சீசன் முழுக்கத் தூக்கி வந்த ஆளை விட்டுவிட்டு, மிச்சப் பேர் கதையைத் தம் கையில் எடுத்துக்கொண்டார்கள். கேரளாவில் ஆள் குறைவு. சென்னைக்கோ காற்று பின்னால் வீசுகிறது. இனி அரை மணி நேரக் கூடுதல் ஆட்டம். அதிலும் முடியாவிட்டால், மறுபடி அதே பன்னிரண்டு கஜம்.

117-வது நிமிடம் வரை கடிகாரம் நகர்ந்தது. அப்போது ஸ்காட்லாந்துக்காரர் ஒருவர், கேரள ஜெர்சியில், சென்னையின் பெட்டிக்குள் நுழைந்தார்...

(தொடரும்)

அடுத்த வாரம்: ஸ்டீபன் பியர்சன் என்ன செய்தார்? 2015 டிசம்பர் வெள்ளத்தில் சென்னை மூழ்கியபோது சொந்த ஊர் அரையிறுதி எப்படிப் புனேவுக்குப் போனது? ஃபதோர்டாவில் ஸீகோவின் கோவாவுக்கு எதிராக 87-வது நிமிடத்தில் 1-2 என்று பின்தங்கிய அணி எப்படிக் கோப்பையைத் தூக்கியது? தூக்கிய அதே இரவில் எலானோ ஏன் போலீஸ் ஸ்டேஷனில் உட்கார வேண்டிவந்தது? அவர் போன பிறகும் சென்னையிலேயே தங்கிய இன்னொரு பிரேசில் நடுகள வீரர், ரஃபேல் அகஸ்டோவின் கதையும் அங்கிருந்துதான் தொடங்குகிறது.